விமானப் படையில் பெரிய அதிகாரி ஆக எந்த வாசல் வழியாகப் போவது? களக்காட்டு அண்ணாச்சிக்குப் பதில்

அன்புள்ள அண்ணாச்சிக்கு வணக்கம்.

பதினொன்றாம் வகுப்பு படிக்கும் மகள் ஏர்ஃபோர்ஸில் பெரிய அதிகாரி ஆகியே தீருவேன் என்று நிற்கிறாள், வாழைத் தோட்டத்தை நம்பியிருக்கும் குடும்பத்துக்கு இது ஆகிற காரியமா என்று கேட்டு எழுதியிருந்தீர்கள். ஆகிற காரியம்தான். பணத்தை நினைத்துத் தயங்கவே வேண்டாம். பன்னிரண்டாம் வகுப்போடு தேசியப் பாதுகாப்பு அகாடமியில் (என்டிஏ) சேர யுபிஎஸ்சி நடத்தும் தேர்வுக்குப் பெண்களுக்கு விண்ணப்பக் கட்டணம்கூடக் கிடையாது. தேர்வாகிவிட்டால் படிப்பு, சாப்பாடு, தங்குமிடம், பயிற்சி எல்லாம் அரசின் செலவு.

பக்கத்துத் தெருப் பையன் அக்னிவீராகச் சேர்ந்திருக்கிறான், அதே மாதிரி இவளும் சேர்ந்து படிப்படியாக மேலே போய்விடலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். இந்த இடத்தில்தான் நம் பக்கத்துக் குடும்பங்கள் பலவும் குழம்பிப் போகின்றன. அக்னிவீர் வேலை 4 வருடம். அதன்பிறகு 25 சதவீதம் பேர் வரைதான் நிரந்தரமாக எடுத்துக்கொள்ளப்படுவார்கள். அது வீரர்களுக்கான வாசல். மதிப்புள்ள வேலைதான், குறைத்துச் சொல்லவில்லை. உள்ளே இருந்தபடியே தேர்வெழுதி அதிகாரியாகிறவர்களும் உண்டு, ஆனால் அது அரிது. அதிகாரிகளுக்கான வாசல் வேறு. அதிலும் எந்த வாசலில் நுழைகிறாள் என்பதைப் பொறுத்துத்தான் எவ்வளவு தூரம் மேலே போக முடியும் என்பது இருக்கிறது. பட்டப்படிப்பு முடித்து, விமானப் படை நடத்தும் ஏஎஃப்கேட் என்ற பொது நுழைவுத் தேர்வு எழுதிப் பறக்கும் பிரிவில் சேர்ந்தால் 14 வருடப் பணி, பென்ஷன் கிடையாது. நடுத்தரப் பதவியான விங் கமாண்டர் ஆகும் வயதில் வெளியே வர வேண்டியிருக்கும். உச்சிக்குப் பக்கத்துப் பதவியான ஏர் மார்ஷல் வரை போகும் கனவு அவளுக்கு இருக்கிறதென்றால் இப்போதே குறி வைக்க வேண்டியது என்டிஏதான்.

முதலில் ஒன்று சொல்லுங்கள், பிள்ளை என்ன குரூப்? கணிதம், இயற்பியல், வேதியியல் மூன்றும் பன்னிரண்டாம் வகுப்பில் இருந்தால்தான் என்டிஏவில் விமானப் படைப் பிரிவு கிடைக்கும். கணிதம் இல்லாத பியூர் சயின்ஸ் என்றால் அந்தக் கதவு மூடியாயிற்று. ஆனால் அவள் கனவு அதோடு முடியவில்லை. நீட் எழுதி, புனேயில் இருக்கும் ஆயுதப் படை மருத்துவக் கல்லூரிக்கு முயலலாம். இந்திய விமானப் படையின் முதல் பெண் ஏர் மார்ஷல் பத்மாவதி பந்தோபாத்யாய் ஒரு மருத்துவர். திருப்பதியில் பிறந்த தமிழ்க் குடும்பத்துப் பெண். விமானிகளின் உடல்நலம் சார்ந்த மருத்துவத்தில் தேர்ந்து அந்த உயரத்துக்குப் போனவர்.

கணிதம் உள்ள ஃபர்ஸ்ட் குரூப் என்றே வைத்துக்கொள்வோம். என்டிஏவில் பெண்களை 2022-ல் இருந்துதான் எடுக்கிறார்கள், அதுவும் 2021-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு. பறக்கும் பிரிவில் பெண்களுக்கான இடங்களை ஒரு கை விரலால் எண்ணிவிடலாம் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். வருடத்துக்கு இரண்டு தேர்வு. வயது 16½ முதல் 19½ வரை இருக்க வேண்டும் என்பதால் மூன்று நான்கு முறை எழுதிப் பார்க்கலாம். கணிதத்துக்கு 300 மதிப்பெண், பொதுத் திறனுக்கு 600. அதில் ஆங்கிலம் மட்டும் 200. தப்பான விடைக்கு மதிப்பெண் குறைப்பார்கள். வினாத்தாள் ஆங்கிலத்திலும் இந்தியிலும்தான் வரும். பள்ளிப் பாடத்தின் கணிதத்தை ஒழுங்காகப் படிக்கிற பிள்ளைக்கு எழுத்துத் தேர்வு எட்டாத உயரம் இல்லை. லட்சக்கணக்கில் வாங்கும் பயிற்சி மையங்களுக்கு ஓடாதீர்கள். பழைய வினாத்தாள்களைக் கடிகாரம் வைத்துப் போட்டுப் பார்க்கட்டும்.

நம் பிள்ளைகள் சறுக்குவது அடுத்த கட்டத்தில். படைகளுக்கான தேர்வு வாரியம் நடத்தும் எஸ்எஸ்பி என்கிற ஐந்து நாள் தேர்வு, எழுத்துத் தேர்வைப் போலவே 900 மதிப்பெண்ணுக்கு நடக்கும். முதல் நாளே ஒரு படத்தைக் காட்டிக் கதை எழுதச் சொல்லி, அதைக் குழுவாகப் பேசச் சொல்வார்கள்; பலர் அன்று மாலையே ஊர் திரும்புவார்கள். மற்ற நாட்களில் மனவியல் சோதனை, குழுவாகத் தடை தாண்டுவது, நேர்காணல். பாடம் நன்றாகத் தெரிந்த பிள்ளைகள், நாலு பேர் நடுவில் வாய் திறக்கத் தயங்கியே வாய்ப்பை விட்டுவிடுவதைப் பார்த்து எனக்கு மனசு பொறுக்காது. இதற்கு வீட்டிலேயே பயிற்சி கொடுக்கலாம், அண்ணாச்சி. வாழைத்தார் ஏலத்துக்குப் போகிற கணக்கை அவளிடம் ஒப்படையுங்கள். பேங்க் வேலைக்குத் தனியாக அனுப்புங்கள். அவள் எடுக்கிற முடிவு தப்பாகப் போனாலும் உடனே குறுக்கே விழாதீர்கள். தினமும் ஆங்கில நாளிதழில் ஒரு செய்தியை வாசித்துவிட்டு, அதைத் தன் சொந்த ஆங்கிலத்தில் யாரிடமாவது சொல்லட்டும்.

விமானி ஆக இன்னொரு சோதனை உண்டு, கணினி வழியாக. வாழ்நாளில் ஒரே ஒரு முறைதான். அதில் தேறாவிட்டாலும் தரைப் பணிப் பிரிவுகள் இருக்கின்றன. விமானி ஆக உயரம் 162 சென்டிமீட்டருக்கு மேல் இருக்க வேண்டும். நிறக்குருடு இருந்தால் விமானி ஆக முடியாது.

தேறினாள் என்றால் புனே பக்கம் கடக்வாஸ்லாவில் இருக்கும் என்டிஏவில் 3 வருடம், ஐதராபாத் பக்கம் துண்டிகல்லில் இருக்கும் விமானப் படை அகாடமியில் 1 வருடம். 22 வயது வாக்கில் ஃப்ளையிங் ஆபீசர், அடிப்படைச் சம்பளமே ₹56,100, படிகள் தனி. 2 வருடத்தில் ஃப்ளைட் லெஃப்டினன்ட், 6-ல் ஸ்குவாட்ரன் லீடர், 13-ல் விங் கமாண்டர். இதுவரை காலம் தானாகத் தூக்கிவிடும். குரூப் கேப்டனில் இருந்து தேர்ந்தெடுத்துத்தான் உயர்த்துவார்கள். குன்னூர் பக்கம் வெலிங்டனில் இருக்கும் ஸ்டாஃப் கல்லூரிக்குப் போனாளா, ஸ்குவாட்ரன் என்கிற விமானப் பிரிவு ஒன்றைத் தலைமை தாங்கி நடத்தினாளா என்று பார்ப்பார்கள். ஏர் கமடோர் ஆனால் ஒரு விமானத் தளமே அவள் பொறுப்பு: ஓடுதளம், ஆயுதக் கிடங்கு, அங்கே குடியிருக்கும் குடும்பங்கள் வரை. அப்புறம் ஏர் வைஸ் மார்ஷல், ஏர் மார்ஷல். நமக்குப் பக்கத்தில் திருவனந்தபுரத்தில் இருக்கும் தென்மண்டல விமானப் படைத் தலைமையகத்துக்குத் தலைவர் ஒரு ஏர் மார்ஷல்தான். மேலே போகப் போகப் பறப்பது குறைந்து கோப்பும் கூட்டமும் கூடும் என்பதைப் பிள்ளையிடம் இப்போதே சொல்லிவைப்பது நல்லது.

பெண் பிள்ளை இதையெல்லாம் நடத்துவாளா என்ற உங்கள் சந்தேகத்துக்குப் பதில் ஏற்கெனவே வந்துவிட்டது. 2016-ல் மூன்று பெண்கள் போர் விமானிகள் ஆனார்கள். 2023-ல் ஷாலிசா தாமி என்ற குரூப் கேப்டன் மேற்கு எல்லைப் பகுதியில் போர்ப் பிரிவு ஒன்றுக்குத் தலைமை ஏற்றார். மகேந்திரகிரியில், மனிதரை விண்வெளிக்கு அனுப்பும் ககன்யானுக்காக எஞ்சின் சோதிக்கிறார்களே, அந்த விண்பயணத்துக்குத் தேர்வான நான்கு பேருமே விமானப் படை விமானிகள். அதில் அஜித் கிருஷ்ணன் சென்னைக்காரர், என்டிஏ வழியாக வந்தவர்.

மதினி பயப்படுவதாக எழுதியிருந்தீர்கள். அந்தப் பயம் நியாயமானது. 2021 டிசம்பரில் குன்னூர் பக்கம் நடந்த ஹெலிகாப்டர் விபத்தை நாம் யாரும் மறக்கவில்லை. ஆபத்தே இல்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். மதினி கேட்க நினைப்பதையெல்லாம் மகளிடமே கேட்கட்டும். அவள் யோசித்துச் சொல்லும் பதிலைப் பொறுமையாகக் கேளுங்கள். கல்யாணப் பேச்சைப் பயிற்சி முடியும் வரை எடுக்கவே முடியாது, விதியே அப்படி. பிறகும் இரண்டு மூன்று வருடத்துக்கு ஒரு முறை ஊர் மாற்றம் இருக்கும். பொங்கலுக்கு அவள் வீட்டில் இருப்பாள் என்று எண்ணிக்கொள்ள முடியாது.

இந்த வாரமே திருநெல்வேலி அரவிந்த் கண் மருத்துவமனைக்குக் கூட்டிப்போய்ப் பார்வையும் நிறம் பிரித்தறிவதும் சோதித்துவிடுங்கள். உயரத்தையும் அளந்து, பிறந்த தேதி, குரூப் விவரத்தோடு எனக்கு அனுப்புங்கள். எந்தத் தேர்வில் இருந்து எழுதத் தொடங்கலாம் என்று கணக்குப் போட்டுச் சொல்கிறேன். அடுத்த தடவை நீங்கள் மட்டும் வராமல் பிள்ளையையும் கூட்டி வாருங்கள், அண்ணாச்சி. நான் பேச வேண்டியது அவளிடம்.