மெருகேறிய கல்லுக்கு விழிப்பு உண்டா? (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

பர்கூரில் கிரானைட் பாலிஷ் பட்டறையில் வெகுகாலம் வேலை பார்த்தவன் நான். இப்போது வீட்டோடு இருக்கிறேன். கல்லோடு இருந்த காலத்தில் எனக்குள் உருவான ஒரு தத்துவத்தை ‘ஒளியறிவு’ என்று பெயர் வைத்து எழுதி, நோட்டின் நகலை உங்களுக்கு அனுப்பியிருந்தேன். சுருக்கம் இதுதான். இருப்பது ஒரே ஒளி. அது எங்கே திரும்பித் தன்னையே பார்க்கிறதோ அங்கே உணர்வு பிறக்கிறது. கரட்டுக் கல் ஒளியை விழுங்குகிறது, மெருகேறிய கல் திருப்பித் தருகிறது, ஆகவே கல்லுக்கும் ஒரு விழிப்பு உண்டு. மனிதன் நன்றாக மெருகேறிய கல். பொருள் எல்லாம் ஒளிதான் என்று ஐன்ஸ்டீனே நிரூபித்திருக்கிறார். ஒரு தடவை ராத்திரி ஷிஃப்டில் கரண்ட் போய்விட்டது. இருட்டில் ஸ்லாப் மேல் உள்ளங்கையை வைத்தேன், பாலிஷ் வந்துவிட்டது என்று தெரிந்தது. இதெல்லாம் தோன்ற ஆரம்பித்தது அன்றைக்குத்தான்.

காவேரிப்பட்டணத்திலிருந்து சில பையன்கள் வாரம் ஒருநாள் வந்து கேட்கிறார்கள். காலையில் சேர்ந்து உட்கார்ந்து சூரியனைப் பார்க்கிறோம். நோட்டைப் புத்தகமாகப் போடலாமா? மனதில் பட்டதை எழுதுங்கள்.

ஒரு வாசகர், பர்கூர்

அன்புள்ள நண்பருக்கு,

நோட்டை முழுசாகப் படித்தேன், சில பக்கங்களைத் திரும்பவும் படித்தேன். கையில் கல்லை வைத்துக்கொண்டு யோசித்தவர் எழுதியது என்பது வரிக்கு வரி தெரிகிறது. எனக்கு இது முக்கியமாகப் படுவதால் மழுப்பாமல் எழுதுகிறேன்.

முதலில் ஐன்ஸ்டீனை விட்டுவிடுங்கள். நிறையும் ஆற்றலும் ஒன்றுக்கொன்று ஈடானவை என்பதுதான் 1905இல் அவர் காட்டியது. பொருள் எல்லாம் ஒளி என்று அவர் சொல்லவில்லை, எலக்ட்ரான் ஒளித்துகளும் அல்ல. இயற்பியல் வந்து முட்டுக்கொடுத்தால்தான் நிற்கும் என்கிற நிலையில் உங்கள் யோசனை இல்லை.

கல்லுக்கு வருவோம். கரட்டுக் கல்லும் ஒளியைத் திருப்பித்தான் தருகிறது, ஆனால் எல்லாத் திசையிலும் சிதறடித்துத் தருகிறது. மல்லசந்திரத்தில் மலைமேல் நிற்கிற, பழங்கால ஈமச்சின்னங்களான கல்திட்டைகளைப் பார்த்திருப்பீர்கள், அந்தப் பலகைக் கற்களை யாரும் பாலிஷ் போடவில்லை, ஆனாலும் உச்சி வெயிலில் கண் கூசும். நீங்கள் கரடான தேய்ப்பில் தொடங்கி நைசானதுக்குப் போகப் போக மேடுபள்ளம் குறைந்துகொண்டே வந்து, ஒரு கட்டத்தில் ஒளியின் அலைநீளத்தைவிடவே சின்னதாகிவிடுகிறது (கண்ணுக்குத் தெரிகிற ஒளிக்கு அது ஏறத்தாழ 400 முதல் 700 நானோமீட்டர்), அப்போதுதான் மேற்பரப்பில் பட்ட ஒளி ஒழுங்காக ஒரே பக்கம் திரும்பி முகம் தெரிகிறது. அதோடு, பாலிஷ் ஏறினதும் கறுப்புக் கல் இன்னும் கறுப்பாகிறதே, அது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். மேலே சிதறல் நின்று, திரும்புகிற கொஞ்ச ஒளியும் ஒரே பக்கம் போய்விடுவதால் மற்றப் பக்கத்திலிருந்து பார்க்கிற கண்ணுக்கு அது வருவதில்லை, மிச்ச ஒளி கல்லுக்குள் போய் அங்கேயே அடங்கிவிடுகிறது. அதாவது, மெருகேறிய கல்லும் ஒளியை விழுங்கத்தான் செய்கிறது. இதை நோட்டில் திருத்தியே ஆகவேண்டும், கல் தெரிந்த யாராவது முதல் பக்கத்திலேயே பிடித்துவிடுவார்கள்.

இதைவிடப் பெரிய கேள்வி ஒன்று இருக்கிறது. முகத்தைக் காட்டுகிற ஸ்லாப், முகத்தைக் காட்டுகிறோம் என்று அறிகிறதா? 10ஆம் நூற்றாண்டில் காஷ்மீரத்துச் சைவரான உத்பலதேவர் இதே இடத்தில்தான் நின்று யோசித்தார். உணர்வை ஒளி என்று சொல்வதில் அவருக்கும் சம்மதம்தான், ஆனால் அந்த ஒளிக்குத் தன்னைத் தான் அறிகிற தன்மையும் சேர்ந்து இருக்கவேண்டும், இல்லையென்றால் எல்லாவற்றையும் பிரதிபலிக்கிற படிகம் மாதிரி அது வெறும் சடம் என்றார். நம் சைவ சித்தாந்தத்திலும் படிகம் வருகிறது, சார்ந்த பொருளின் நிறத்தையே தன் நிறமாகக் காட்டுவது என்று, உயிரின் இயல்பைச் சொல்வதற்காக. ‘ஒளி திரும்பித் தன்னைப் பார்க்கிறது’ என்று நீங்கள் ஒரே வரியில் எழுதிவிட்டீர்கள். திரும்புவது சரி, கல்லில் நடக்கிறது. பார்ப்பது எங்கிருந்து வருகிறது? நோட்டில் அதற்குப் பதில் இல்லை.

பதிலுக்குப் பக்கத்தில் நீங்கள் போயிருக்கிறீர்கள். கரண்ட் போன அந்த ராத்திரியைப் பற்றிய பத்தியைத்தான் சொல்கிறேன். அங்கே ஒளியே இல்லை, கல் எதையும் திருப்பித் தரவில்லை, ஆனாலும் உள்ளங்கைக்குத் தெரிந்தது. அந்த அனுபவத்தை ஒளித் தத்துவத்துக்கு முன்னுரையாக வைத்துவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டீர்கள், எனக்கோ உங்கள் தத்துவமே அந்தப் பத்திதான் என்று தோன்றுகிறது. பிறவியிலேயே பார்வை இல்லாத ஒருவர் அந்த ஸ்லாபைத் தடவியிருந்தாலும் அதே தெளிவோடு அறிந்திருப்பார். அவர் உங்கள் பட்டறைக்குள் வந்து உட்காரட்டும், அவருக்குப் புரிகிற மாதிரி ‘ஒளியறிவு’ என்றால் என்னவென்று சொல்லிப்பாருங்கள். எதையெல்லாம் வைத்துக்கொள்வது, எதையெல்லாம் கழிப்பது என்று அப்போது தானாகத் தெரியும்.

இன்னொன்றும் கேட்கவேண்டும். எல்லோரும் ஒரே ஒளி என்றால், கல் தூசியை வருடக்கணக்கில் உள்ளே இழுத்து நுரையீரல் கெட்டு, சிலிக்கோசிஸ் வந்து மூச்சுவாங்குகிறவருக்கு அந்த ஒளி என்ன செய்கிறது? உங்களோடு வேலை பார்த்தவர்களைப் பற்றி நோட்டில் ஒரு வரிகூட இல்லை என்பது எனக்கு உறுத்தியது. அருட்பெருஞ்ஜோதி என்று ஒளியையே கடவுளாகச் சொன்ன வள்ளலார் வடலூரில் சத்திய ஞானசபையைத் திறந்தது 1872இல், ஆனால் பசித்தவர்களுக்குச் சோறு போடும் தருமசாலையை 1867லேயே தொடங்கிவிட்டார். சபையில் விளக்கு ஏறுவதற்கு ஐந்து வருடம் முன்பே சாலையில் அடுப்பு எரிந்தது. அவருடைய ஒளியை நான் நம்புவதற்கு அந்த அடுப்பு ஒரு பெரிய காரணம்.

புத்தகம் இப்போது வேண்டாம். அந்த ராத்திரியிலிருந்து தொடங்கி மறுபடி எழுதுங்கள், பட்டறை, தூசி, கூட இருந்த ஆட்கள் எல்லாம் வரட்டும். எழுதியதும் அனுப்புங்கள், கட்டாயம் படிப்பேன்.

அப்புறம், சூரியனைப் பார்ப்பதை இன்றைக்கே நிறுத்துங்கள், பையன்களிடமும் சொல்லிவிடுங்கள். காலை வெயில்தானே என்று விடக்கூடாது. விழித்திரைக்கு வலி தெரியாது, அது கருகுகிற நேரத்தில் எந்த அறிகுறியும் இருக்காது. அவர்களில் யாருக்காவது பார்வையின் நடுவில் கறுப்பாகப் புள்ளியோ, எழுத்து வளைந்தோ தெரிந்தால் தாமதிக்காமல் கண் டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போங்கள்.

அன்புடன்