ஷட்டரைத் தட்ட முடியாத அப்பா

கே: சத்யராஜ் நடித்த 'ஒரு நாள் இரவில்' பார்த்துவிட்டேன். கதை தெரிந்த பிறகு அதன் மூலமான மலையாள 'ஷட்டர்' வேறு பார்க்க வேண்டுமா? – ஒரு வாசகி, தேனி

ப: பாருங்கள். ஜோய் மேத்யூ இயக்கிய முதல் படம், 2012 திருவனந்தபுரம் பட விழாவில் பார்வையாளர்களே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தது. கோழிக்கோட்டில், கல்ஃபிலிருந்து லீவில் வந்திருக்கிற ரஷீத் (லால்), மகள் பையன்களோடு பழகுகிறாள் என்று படிப்பை நிறுத்திக் கல்யாணம் பண்ணிவைக்கப் பறக்கிறார். அதே மனுஷன் ஒரு ராத்திரி, குடித்துவிட்டு, முன்பின் தெரியாத ஒரு பாலியல் தொழிலாளியைத் தன் வீட்டு வாசலிலேயே இருக்கிற காலிக் கடைக்குள் கூட்டிப்போகிறார். வெளியே பூட்டைப் போட்டுவிட்டுச் சாப்பாடு வாங்கப் போன ஆட்டோக்கார சுரன் போலீஸில் மாட்டிக்கொள்ள, போதாக்குறைக்கு அவன் ஆட்டோவில் ஸ்கிரிப்ட் இருந்த பையைத் தொலைத்த ஒரு சினிமா டைரக்டரும் (ஸ்ரீனிவாசன்) அவனைத் தேடிக்கொண்டு அலைகிறார்.

ஷட்டரைத் தட்டினால் யாராவது ஓடிவந்து திறந்துவிடுவார்கள். அதுதான் பிரச்சினையே! தகரம் ஒரு தடவை அதிர்ந்தால் தெருவே திரும்பிப் பார்க்கும், முதலில் வந்து நிற்கப்போவது பெண்டாட்டியும் மகளும். கதை தெரிந்திருந்தாலும் அந்தப் புழுக்கம் குறையாது, நான் இரண்டாவது தடவை பார்த்தபோதும் எனக்குத்தான் மூச்சு முட்டியது.

கே: தப்பு செய்த ஆணுக்காக நம்மைப் பதற வைப்பது சப்பைக்கட்டு இல்லையா? – ஒரு வாசகர், நாகர்கோவில்

ப: பாதி சரி. கேமரா அவர் பக்கம்தான் அதிகம் நிற்கிறது. ஆனால் உள்ளே இருக்கும் அந்தப் பெண்ணை, சஜிதா மடத்தில் நடித்ததை, கவனியுங்கள் (கேரள அரசின் இரண்டாவது சிறந்த நடிகை விருது சும்மா வரவில்லை). ஒளிக்க அவளிடம் ஒன்றும் இல்லை, அதனால் சாதாரணமாகப் பேசுகிறாள், அந்தச் சாதாரணக் குரலுக்கே ரஷீதுக்கு வேர்த்துக் கொட்டுகிறது. வாயைப் பொத்தச் சொல்லிக் கெஞ்சுகிறவரைப் பார்த்து எனக்குப் பரிதாபம் வரவில்லை, சிரிப்புதான் வந்தது.

கே: லாலா, சத்யராஜா? – அதே தேனி வாசகி

ப: லால். சத்யராஜிடம் குறை இல்லை, ஆனால் அவர் மாட்டிக்கொண்டால் எப்படியும் சமாளித்துவிடுவார் என்று நமக்குள் ஒரு நம்பிக்கை வந்துவிடுகிறதே, அதுதான் இடிக்கிறது. மற்றபடி எடிட்டர் ஆன்டனி 2015ல் முதன்முதலாக இயக்கிய படம், அந்தப் பெண்ணாக வந்த அனுமோளும் நன்றாகவே செய்திருந்தார். சினிமா டைரக்டராக வரும் யூகி சேதுவுக்காக இன்னொரு தடவைகூடப் பார்ப்பேன்.