கேளுங்க, சொல்கிறேன்: ஆட்டத்தில் சுமார், பயிற்சியில் கில்லாடி

போன இதழில் ஈட்டி எறியும் பிள்ளைகளைப் பற்றி எழுதும்போது பேஸ்பாலையும் ஒரு வரி சேர்த்திருந்தேன். வந்த கடிதங்களில் பாதி அந்த ஒரு வரியைப் பற்றித்தான். தூத்தூர்ப் பக்கம் கால்பந்து, மற்ற இடமெல்லாம் கிரிக்கெட், இடையில் கொஞ்சம் கபடி என்று இருக்கிற நம்ம குமரி மாவட்டத்தில் இதற்கு இத்தனை பேரா! சரி, வரிசையாகப் பார்ப்போம்.

கே: அண்ணாச்சி, உத்தரப் பிரதேசத்தில் ஈட்டி எறிந்துகொண்டிருந்த இரண்டு பையன்கள் பேஸ்பால் ஆட அமெரிக்கா போனதாக எழுதியிருந்தீர்கள். அந்த ஆட்டத்தையே பார்க்காதவர்களுக்குச் சொல்லிக்கொடுத்த ஆள் யார்? பெரிய ஆட்டக்காரரா?
- வாசகர், குலசேகரம்

ப: அவர் பெயர் டாம் ஹவுஸ். பெரிய ஆட்டக்காரர் என்று சொல்ல முடியாது. 1971 முதல் 1978 வரை அமெரிக்காவின் உச்சப் படியான மேஜர் லீக்கில் அட்லாண்டா பிரேவ்ஸ், பாஸ்டன் ரெட் சாக்ஸ், சியாட்டில் மரைனர்ஸ் ஆகிய மூன்று அணிகளுக்கு ஆடிய இடதுகைப் பிட்சர், அதாவது பந்தெறிகிறவர், அதிலும் பெரும்பாலும் ஆட்டத்தைத் தொடங்குகிற பிட்சர் இல்லை, முன்னால் எறிந்தவர் களைத்துப்போனாலோ அடி வாங்கினாலோ நடுவில் கூப்பிடுகிற ஆள். மொத்தக் கணக்கு 29 வெற்றி, 23 தோல்வி. வேகமும் அப்படியொன்றும் கிடையாது.

ஆனாலும் ஆட்டக்காரராக அவர் பெயர் நிற்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. 1974 ஏப்ரல் 8 அன்று பிரேவ்ஸ் அணியின் ஹேங்க் ஏரன் தன் 715ஆவது ஹோம் ரன்னை (பந்தை வேலிக்கு வெளியே அனுப்புகிற அடி) அடித்து, அதிக ஹோம் ரன் அடித்த பேப் ரூத்தின் சாதனையைத் தாண்டினார். அந்தப் பந்து இடதுபக்க வேலிக்கு அப்பால், பிட்சர்கள் கையைச் சூடாக்கிக்கொள்ளும் புல்பென்னுக்குள் வந்து விழுந்தபோது அங்கே நின்று பிடித்தவர் ஹவுஸ். பிடித்த வேகத்தில் மைதானத்துக்குள் ஓடிப்போய் ஏரன் கையிலேயே கொடுத்துவிட்டார். ஸ்கோர் புத்தகத்தில் ஏறாத கேட்ச் அது, அதில்தான் அவர் பெயர் நின்றது!

நமக்கு வேண்டிய கதை அதற்குப் பிறகுதான். 1985இல் டெக்சாஸ் ரேஞ்சர்ஸ் அணியின் பிட்சிங் கோச்சாகச் சேர்ந்து 1992 வரை இருந்தார். சேர்ந்ததும் பிட்சர்கள் கையில் அமெரிக்கக் கால்பந்தைக் கொடுத்து, அந்த நீளுருண்டைப் பந்தை ஒருவருக்கொருவர் எறியச் சொன்னார், மற்ற அணிக்காரர்கள் சிரித்தார்கள். அவர் கணக்கு எளிமையானது. கை சரியான பாதையில் வந்தால்தான் அந்தப் பந்து சுழன்றுகொண்டு நேராகப் போகும், கை கோணினால் தள்ளாடும், ஆகவே தப்பு எங்கே என்பதைப் பந்தே காட்டிவிடும், கோச் கத்த வேண்டியதில்லை. அதிவேகக் கேமராவில் பிடித்து எறிதலைத் துண்டு துண்டாகப் பார்ப்பதையும் மற்ற பலர் யோசிக்கும் முன்பே அவர் செய்துகொண்டிருந்தார். உளவியலில் முனைவர் பட்டமும் வாங்கியிருக்கிறார்.

1989இல் பிட்சர் நோலன் ரயன் அந்த அணிக்கு வந்தபோது ரயனுக்கு வயது 42. கோச்சும் அவரும் ஒரே வருஷம், 1947இல் பிறந்தவர்கள். அந்த வயதில் ஒரு ஜாம்பவானுக்கு என்ன சொல்லித்தருவது? கால்பந்தும் உடற்பயிற்சியும் என்று ஹவுஸ் சொன்னதை ரயன் முகம் சுளிக்காமல் செய்தார். எதிரணிக்கு ஒரு ஹிட் கூடக் கொடுக்காமல் முழு ஆட்டத்தையும் முடிக்கிற 'நோ ஹிட்டர்' அவருக்கு 43 வயதில் ஒன்று, 44 வயதில் இன்னொன்று அமைந்தது. மொத்தம் ஏழு. இன்றுவரை அதை யாரும் நெருங்கவில்லை.

எனக்குப் பிடித்தது ராண்டி ஜான்சன் சமாசாரம். ஆறடி பத்து அங்குல உயரம், பயங்கர வேகம், ஆனால் பந்து எங்கே போகும் என்று அவருக்கே தெரியாது. 1990, 91, 92 மூன்று வருஷமும் லீக்கிலேயே அதிகமாக 'வாக்' கொடுத்தவர், அதாவது பந்தைத் தப்பாக எறிந்து எதிரணிக்காரனை அடிக்காமலே முதல் தளத்துக்கு நடக்கவிட்டவர் அவர்தான். 1992இல் சியாட்டில் அணியோடு டெக்சாஸ் வந்திருந்தபோது ரயனும் ஹவுஸும் அவர் எறிவதைப் பார்த்துவிட்டு ஒரு விஷயம் சொன்னார்கள்: முன்கால் தரையில் இறங்கும்போது குதிகாலில் ஊன்றுகிறாய், அதனால் உடம்பு பக்கவாட்டில் சாய்ந்துபோகிறது, முன்பாதத்தில் ஊன்று. அவ்வளவுதான். அடுத்த வருஷம் ஜான்சன் 19 வெற்றி, 308 ஸ்ட்ரைக் அவுட், அதாவது பந்தை அடிக்க விடாமலே அவுட்டாக்கியது. எதிரணிக்காரனுக்கு இதைச் சொல்வார்களா என்று கேட்காதீர்கள், சொன்னார்கள்.

அவர் பேரோடு ஒட்டிக்கொண்ட இன்னொரு பயிற்சிக்குச் செலவே கிடையாது, ஒரு துவர்த்து போதும். ஆள்காட்டி விரலுக்கும் நடுவிரலுக்கும் இடையில் அதன் ஒரு நுனியைப் பிடித்துக்கொண்டு, பந்தை எறிவது போலவே முழு அசைவையும் செய்ய வேண்டும். எதிரே ஒருவர் முட்டிபோட்டுக் கையுறையை நீட்டிக்கொண்டிருப்பார், துவர்த்தின் மறுநுனி அந்தக் கையுறையில் பட்டென்று அடிக்க வேண்டும். உடம்பு சீக்கிரம் திரும்பிவிட்டாலோ கால் வீச்சு குறைந்தாலோ துணி காற்றில்தான் அடிக்கும். உங்கள் வீட்டு முற்றத்திலேயே செய்து பார்க்கலாம்.

சரி, அந்தப் பையன்கள். ரிங்கு சிங், தினேஷ் படேல். இந்தியாவில் வேகமாக எறியும் கைகளைத் தேடி நடத்திய 'மில்லியன் டாலர் ஆர்ம்' என்ற போட்டியில் 2008இல் தேர்வாகி, லாஸ் ஏஞ்சல்ஸில் ஹவுஸிடம் வந்து சேர்ந்தார்கள். போட்டியே விளம்பரத்துக்காகத்தான், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் கையுறை மாட்டத் தெரியாமல் வந்தவர்கள் அதே வருஷம் நவம்பரில் பிட்ஸ்பர்க் பைரேட்ஸோடு ஒப்பந்தம் போட்டதற்கு விளம்பரம் மட்டும் போதாது. 2009இல் தொழில்முறை ஆட்டத்தின் கீழ்ப்படியில் இருவரும் ஆடினார்கள். மேஜர் லீக்வரை இருவருமே எட்டவில்லை. ரிங்கு பிற்பாடு மல்யுத்த மேடையில் வீர் மஹான் ஆனது உங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கே தெரியும்.

கே: சரியா ஆடத் தெரியாதவன் அடுத்தவனுக்கு என்னத்தச் சொல்லித் தரப்போறான்?
- வாசகர், வடசேரி

ப: காரமாகக் கேட்கிறீர்கள், பரவாயில்லை. டோனி லா ரூசா என்று ஒருவர், பேட்டிங் சராசரி .199, அதாவது பத்துக்கு இரண்டு கூட முழுசாக இல்லை; மேனேஜராக, அதாவது அணியை நடத்தும் தலைமைக் கோச்சாக, மேஜர் லீக்கின் இறுதிக் கோப்பையான உலகத் தொடரை மூன்று தடவை வென்றார், வெற்றிக் கணக்கில் வரலாற்றிலேயே இரண்டாவது. டாமி லசோர்டா பிட்சராக ஒரு ஆட்டம் கூட ஜெயிக்கவில்லை, தோற்றது நாலு. 1976இலிருந்து 1996 வரை லாஸ் ஏஞ்சல்ஸ் டாட்ஜர்ஸை நடத்தி இரண்டு கோப்பை வாங்கிக் கொடுத்தார். அவ்வளவு தூரம் போவானேன், சச்சினை உருவாக்கிய ரமாகாந்த் அச்ரேக்கர் ஆடிய முதல்தர ஆட்டம் ஒன்றே ஒன்று.

மறுபக்கமும் உண்டு. டெட் வில்லியம்ஸ் 1941இல் .406 அடித்த மகா பேட்ஸ்மேன். அவர் மேனேஜரான முதல் வருஷம், 1969இல், அணி நன்றாகவே ஆடியது. அப்புறம் ஒவ்வொரு வருஷமும் இறங்குமுகம், 1972இல் 100 தோல்வி. வருகிற பந்தைக் கண்ணால் பார்த்ததும் அவருக்குக் கை தானாகப் போயிருக்கும், அது எப்படிப் போகிறது என்று யோசிக்க வேண்டிய தேவையே அவருக்கு வந்திருக்காது. திறமை குறைந்தவனுக்கு அந்தச் சலுகை கிடையாது, அணியில் இடத்தைக் காப்பாற்றிக்கொள்ளவே தினமும் யோசிக்க வேண்டும், பெஞ்சில் உட்கார்ந்து மற்றவனைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். எனக்குத் தெரிந்து கோச் வேலைக்குப் படிப்பு அங்கேதான் நடக்கிறது. ஆனால் இதைச் சட்டமாக எழுதி வைக்காதீர்கள், 868 ஹோம் ரன் அடித்த ஜப்பானின் சதஹாரு ஓ, 2006இல் முதல் உலக பேஸ்பால் கிளாசிக் கோப்பையை மேனேஜராகவும் வென்றவர்.

இன்னொன்று: மேனேஜர்களில், அடிப்பவனுக்குப் பின்னால் உட்கார்ந்து பிட்சரின் பந்தைப் பிடிக்கிற கேட்சராக இருந்தவர்கள் நிறைய. ஜோ டோரே கேட்சர், நாலு கோப்பை வென்ற புரூஸ் போச்சி பெரும்பாலும் மாற்று கேட்சர். களத்தில் ஒன்பது பேரில் மற்ற எட்டுப் பேரையும் எதிர்முகமாகப் பார்த்து உட்கார்ந்திருப்பவன் அவன் ஒருவன்தான். எந்தப் பந்தை எறியலாம் என்று விரலால் சைகை காட்டுவதும், பிட்சர் பதறினால் நடந்துபோய் ஆறுதல் சொல்வதும் அவன் வேலை. பாதிக் கோச் ஆகிவிட்டானா இல்லையா?

கே: தாத்தா வயசில் இருக்கிற கோச்சும் ஏன் ஆட்டக்காரர் மாதிரியே யூனிஃபார்ம் போட்டு நிற்கிறார்?
- மாணவி, தக்கலை

ப: பழைய பழக்கம்மா. அந்தக் காலத்தில் ஆடுகிறவரே அணியையும் நடத்தினார், உடுப்பு அப்படியே தங்கிவிட்டது. மீறியவரும் உண்டு: கோனி மேக், 1901 முதல் 1950 வரை பிலடெல்பியா அத்லெட்டிக்ஸை கோட்டும் டையும் போட்டுக்கொண்டே நடத்தினார்.

கே: அம்பயரிடம் சண்டை போட்டால் கோச்சை வெளியே அனுப்பிவிடுவார்களாமே, அப்புறம் அணி என்ன செய்யும்?
- வாசகர், திங்கள்நகர்

ப: உதவிக் கோச் பார்த்துக்கொள்வார், வெளியே போனவர் டக் அவுட்டில், அதாவது அணி உட்காருகிற இடத்தில், தலையே காட்டக்கூடாது. 1999இல் நியூயார்க் மெட்ஸ் மேனேஜர் பாபி வாலண்டைனை இப்படி அனுப்பினார்கள். மனுஷன் உள்ளே போய்க் கறுப்புக் கண்ணாடி மாட்டி, கறுப்பு ஸ்டிக்கரை மூக்குக்குக் கீழே மீசையாக ஒட்டிக்கொண்டு திரும்ப வந்து நின்றார். கேமரா விடுமா? அபராதமும் தடையும் கிடைத்தன. இவரும் 1973இல் வேலியில் மோதிக் கால் முறிந்து ஆட்ட வாழ்க்கை பாழானவர். மேலே சொன்ன ஹவுஸை டெக்சாஸில் பிட்சிங் கோச்சாக வைத்திருந்த மேனேஜரும் இவர்தான்.

கே: அண்ணே, எம்மவன் பத்தாங்கிளாஸ். பள்ளிக்கூட பேஸ்பால் டீம்ல பிட்சர். தினமும் நூறு பந்து எறியச் சொல்றாவ, முழங்கை வலிக்கிதுங்கான். தேறுமா?
- ஒரு தாய், அருமனை

ப: முதலில் எறிவதை நிறுத்தச் சொல்லுங்க அக்கா, எலும்பு டாக்டரிடம் காட்டுங்க. அப்புறம் மற்றது. ரப்பர் தோட்டத்துக்கு நடுவில் இருக்கிறீர்கள், ஓய்வில்லாமல் பால் வெட்டினால் பட்டை மரத்துப்போகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கையும் அப்படித்தான்.

அமெரிக்காவில் மேஜர் லீக்கே பிள்ளைகளுக்குக் கணக்கு போட்டு வைத்திருக்கிறது: 15, 16 வயதுக்கு ஒரு நாளில் அதிகபட்சம் 95 பந்து, அதுவும் ஆட்ட நாளில். 75க்கு மேல் எறிந்தால் அடுத்து நாலு நாள் ஓய்வு, 61 முதல் 75 வரை என்றால் மூன்று நாள், 46 முதல் 60க்கு இரண்டு, 31 முதல் 45க்கு ஒன்று. தினமும் நூறு என்பது எந்தக் கணக்கிலும் வராது. இதை ஒரு தாளில் எழுதிப் பையன் கையில் கொடுத்து சாரிடம் காட்டச் சொல்லுங்க, சண்டைக்குப் போக வேண்டாம், அவரும் நல்லது நினைத்துத்தான் சொல்லியிருப்பார்.

பெரியவர்களுக்கே கை போயிருக்கிறது. டாமி ஜான் என்ற பிட்சருக்கு 1974இல் முழங்கைத் தசைநார் அறுந்தபோது, வலதுகையிலிருந்து ஒரு தசைநாணை எடுத்து இடது முழங்கையில் தைத்தார் டாக்டர் ஃபிராங்க் ஜோப். 1976இல் திரும்பி வந்து 1989 வரை ஆடினார், அந்த அறுவைக்கே இன்று அவர் பெயர்தான். அது நடந்தது முப்பது வயதைத் தாண்டிய ஆளுக்கு. வளருகிற எலும்பில் அந்தச் சோதனையெல்லாம் வேண்டாமே.

ஜிம்மில் யாராவது ஊசி, மாத்திரை என்று சொன்னால் காதில் போட்டுக்கொள்ளாதீங்க. ஆடிய காலத்தில் தானும் ஸ்டீராய்டு எடுத்ததாக டாம் ஹவுஸே 2005இல் வெளிப்படையாகச் சொன்னார், எடை ஏறி முழங்கால் கெட்டதுதான் மிச்சம் என்றார்.

கே: கல்லூரியில் சாஃப்ட்பாலும் பேஸ்பாலும் ஆடினேன். இனி ஆட்டக்காரனாக மேலே போக வழியில்லை. கோச் ஆக என்ன செய்யணும்?
- வாசகர், மார்த்தாண்டம்

ப: பேஸ்பால் கோச்சிங்கை மட்டும் நம்பிக் குமரி மாவட்டத்தில் குடும்பம் நடத்த முடியாது தம்பி, அதை முதலில் சொல்லிவிடுகிறேன். டிகிரி முடித்துவிட்டீர்கள் என்றால் பி.பி.எட். என்கிற உடற்கல்விப் படிப்பு இரண்டு வருஷம், அது உடற்கல்வி ஆசிரியர் வேலைக்கு வழி. அந்த வேலையில் இருந்துகொண்டு பேஸ்பால் சொல்லிக்கொடுங்கள், பள்ளி விளையாட்டுக் கூட்டமைப்பின் பட்டியலில் பேஸ்பாலும் இருக்கிறது, 2028 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கிலும் ஆட்டம் திரும்ப வருகிறது, பிள்ளைகள் கேட்டு வருவார்கள். கோச்சிங்கே வேண்டும் என்றால் பட்டியாலாவில் என்.ஐ.எஸ். (தேசிய விளையாட்டு நிறுவனம்) டிப்ளமோ ஒரு வருஷம், ஆறு வாரச் சான்றிதழ்ப் படிப்பும் உண்டு. எந்த விளையாட்டுக்கு எப்போது சேர்க்கை என்று அறிவிப்பைப் பார்த்துத்தான் கிளம்ப வேண்டும்.

அதுவரை சும்மா இருக்காதீர்கள். பக்கத்துப் பள்ளி அணிக்கு ஸ்கோர் புத்தகம் எழுதிக் கொடுங்கள், பிள்ளைகள் அடித்துப் பழகப் பந்து எறிந்து கொடுங்கள், செல்போனில் ஸ்லோ மோஷன் வைத்து ஒவ்வொருவன் கால் ஊன்றுவதையும் பிடித்து வையுங்கள். அமெரிக்காவிலும் புதுக் கோச்சை நேராக மேலே ஏற்றிவிடுவதில்லை, கீழ்ப்படியான மைனர் லீக்கில் ஊர் ஊராகப் பஸ்ஸில் அலைந்துதான் வருகிறார்கள். நாகர்கோவில் அண்ணா விளையாட்டரங்கத்தில் மாவட்ட விளையாட்டு அலுவலகம் இருக்கிறது, ஒருநாள் நேரில் போய்க் கேளுங்கள். போகும்போது கல்லூரியில் ஆடிய போட்டிச் சான்றிதழ்களை நகலெடுத்துக் கொண்டு போங்கள், உடற்கல்விக் கல்லூரிச் சேர்க்கையில் அதற்கு மதிப்பெண் உண்டு.