தாழ்ப்பாளைத் திறக்கும் மறியாடு

கேள்வி: கொழும்பு மட்டக்குளியில், வீட்டின் பின்புறம் மூன்று மறியாடுகள் வளர்க்கிறேன். அவற்றுள் ஒன்று கொட்டிலின் தாழ்ப்பாளைத் தானே நீக்கி வெளியே வந்து, கோழித்தீன் சாக்கைக் கிழித்துத் தின்கிறது. கம்பியால் சுற்றிக் கட்டினாலும் அவிழ்த்துவிடுகிறது. மற்ற இரண்டும் பழகுமுன் இதை விற்றுவிடலாமா?

பதில்: விற்க வேண்டியதில்லை, வாங்குபவர் வீட்டுத் தாழ்ப்பாளையும் அது திறக்கத்தான் போகிறது. முள்ளுக்கு நடுவே இலையை மட்டும் பொறுக்கியெடுக்கும் மேலுதடும் நாக்கும் உள்ள பிராணிக்கு, இழுப்புத் தாழ்ப்பாள் பெரிய வேலை அன்று. கவனிக்க வேண்டியது அதன் நினைவாற்றலையே. லண்டன் குயீன் மேரி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014இல் வெளியிட்ட ஆய்வில், கயிற்றை வாயால் இழுத்து, அதன்பின் நெம்புகோலை உயர்த்தினால் மட்டுமே தீனி கிடைக்கும் பெட்டியொன்று 12 ஆடுகளுக்கு வைக்கப்பட்டது. 9 ஆடுகள் அதைக் கற்றுக்கொண்டன. ஏறத்தாழ 10 மாதங்கள் கழிந்தும் மறக்கவில்லை. ஆகவே, சில வாரம் அடைத்துவைத்தால் மறந்துவிடும் என்று எண்ணிப் பழைய தாழ்ப்பாளுக்கே திரும்ப வேண்டாம். தங்களுடைய மற்ற அச்சத்துக்கும் அதே ஆய்வில் ஓரளவு ஆறுதல் உண்டு: இன்னோர் ஆடு பெட்டியைத் திறப்பதைப் பார்த்திருந்த ஆடுகள், பாராதவற்றைவிட விரைவாகக் கற்றுக்கொள்ளவில்லை.

நாய்ச்சங்கிலியின் நுனியில் இருப்பதுபோன்ற, விரலால் அழுத்தினால் மட்டும் திறக்கும் வில் வைத்த கொளுக்கி ஒன்றைப் பழைய சோனகத் தெருவின் இரும்புக் கடைகளில் வாங்கி, கதவின் வெளிப்புறத்தில், ஆடு மேலாகத் தலையை நீட்டினாலும் வாய் எட்டாத அளவு தாழ்வாக மாட்டுங்கள். பலா இலைக் கொப்புகளைத் தரையில் போடாமல், அண்ணாந்து கடிக்கும் உயரத்தில் கட்டித் தொங்கவிட்டால், வேலையில்லாமல் தாழ்ப்பாளை நோண்டும் நேரம் குறையும்.

தாழ்ப்பாளைவிட எனக்குக் கவலை தருவது அந்தச் சாக்குத்தான். மாச்சத்து மிகுந்த கோழித்தீனை ஒரேயடியாகத் தின்றால், அது இரைப்பையில் வேகமாகப் புளித்து அமிலமாகி, ஓரிரு நாளில் ஆட்டைக் கொன்றுவிடவும் கூடும். தீனை இறுக்கமான மூடியுள்ள பீப்பாயில், வேறொரு பூட்டிய அறையில் வையுங்கள். மீண்டும் தின்றுவிட்டால், மிச்சத் தீனை அகற்றி, வைக்கோலும் தண்ணீரும் மட்டும் கொடுத்து, அறிகுறி தெரியும்வரை காத்திராமல் மிருக வைத்தியரை அழையுங்கள். அசைபோடுதல் நிற்பது, பல்லை நறநறப்பது, நீராகக் கழிவது ஆகியவற்றில் எதைக் கண்டாலும் அதை அவரிடம் சொல்லுங்கள். படுத்துவிட்ட ஆட்டின் வாயில் எதையும் ஊற்றக் கூடாது.