மரத்தடியில் ஏன் எதுவும் முளைப்பதில்லை? கேள்வி பதில்

கேள்வி: சார், ப்ளஸ் டூ படிக்கிறேன். உயிரினங்களுக்கு இடையே நடக்கிற போட்டிக்கும் அமென்சலிசத்துக்கும் என்ன வித்தியாசம்? இரண்டிலும் ஒன்று பாதிக்கப்படுகிறதே.

பதில்: தம்பி, போட்டி என்றால் இரண்டு பக்கமும் கொஞ்சமாவது நஷ்டம் இருக்கும். அமென்சலிசத்தில் ஒன்றுக்குக் கேடு, மற்றதுக்கு லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை. யானைக் கூட்டம் நடந்து போகிற வழியில் எத்தனையோ பூச்சி புழு நசுங்கும், யானைக்கு அதனால் ஒன்றும் ஆகாது.

கேள்வி: பென்சிலியம் பூஞ்சையைத்தான் புத்தகத்தில் உதாரணமாகப் போட்டிருக்கிறார்கள். பாக்டீரியாவைக் கொல்வதால் அதற்கு உண்மையிலேயே எந்த லாபமும் இல்லையா?

பதில்: இதைத்தான் எல்லோரும் கேட்க வேண்டும். 1928ல் லண்டன் செயின்ட் மேரீஸ் மருத்துவமனையில், பென்சிலினைக் கண்டுபிடித்த பிளெமிங் பார்த்தது ஒரு கண்ணாடித் தட்டு. ஸ்டெபைலோகாக்கஸ் என்ற பாக்டீரியா வளர்ந்திருந்த தட்டில் எங்கிருந்தோ பூஞ்சை விழுந்து, அதைச் சுற்றி மட்டும் பாக்டீரியா இல்லாமல் போயிருந்தது. அந்தத் தட்டை மட்டும் வைத்துச் சொன்னால் அமென்சலிசம் சரி. மண்ணுக்குள் இரண்டும் ஒரே சாப்பாட்டுக்கு அலைந்தால், பக்கத்தில் இருப்பதைக் கொன்றால் பூஞ்சைக்கு மிச்சம் கிடைக்குமே, அப்போது அது போட்டிதான். பரீட்சையில் புத்தகத்தில் உள்ளதையே எழுதுங்கள்.

கேள்வி: ஒஹையோவில் இருக்கிறோம். பின்பக்கம் பெரிய கருப்பு வால்நட் மரம். அதன் பக்கத்தில் வைத்த தக்காளி மட்டும் வாடிப்போகிறது, தண்ணீர் ஊற்றியும் பயனில்லை.

பதில்: வால்நட் என்றதுமே ஜக்ளோன் என்கிற செடிக்கொல்லி நஞ்சு ஞாபகம் வருகிறது. அந்த மரத்தின் வேர், இலை, காயின் பச்சைத்தோல் எல்லாவற்றிலும் அதன் நஞ்சில்லாத முன்வடிவம் இருக்கிறது, காற்றுப் பட்டதும் ஜக்ளோனாக மாறிவிடும். தக்காளி, உருளைக்கிழங்கு, மிளகாய், கத்தரி குடும்பம் இதைத் தாங்காது என்பார்கள், பீன்ஸ், வெங்காயம், மக்காச்சோளம் தாங்கும். ஆனால் ஆய்வகத்தில் தெரிகிற அளவுக்குத் தோட்டத்து மண்ணிலும் அது வேலை செய்கிறதா என்பதில் விஞ்ஞானிகளுக்குள்ளேயே விவாதம் உண்டு, மண்ணில் இருக்கிற நுண்ணுயிரிகள் அதைச் சிதைத்துவிடும். தக்காளியை மரத்தைவிட்டுத் தள்ளி, வேர் எட்டாதபடி தொட்டியில் வையுங்கள். வால்நட் இலையை உரக்குழியில் போடாதீர்கள். மரத்தை வெட்ட வேண்டாம், வெட்டினாலும் வேர் மட்கிப்போக வருஷக்கணக்காகும்.

கேள்வி: எங்கள் ஊர்ப் புளியமரத்தடியில் ஒரு செடிகூட வருவதில்லை. அதுவும் விஷம்தானா?

பதில்: அண்ணே, உடனே விஷம் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். புளிய இலைச் சாறு நாற்றுகளை அமுக்குகிறது என்று ஆய்வகச் சோதனைகளில் பார்த்திருக்கிறார்கள், அது உண்மை. ஆனால் அடர்ந்த நிழலும் இருக்கிறது, ஈரத்தை உறிஞ்சுகிற வேரும் இருக்கிறது, வெயிலுக்கு ஒதுங்குகிற ஆடு மாடும் அங்கேதான் நிற்கும்.

கலிபோர்னியாவில் இதே கதை நடந்தது. அங்கே வாசனையுள்ள சால்வியா புதர்களைச் சுற்றி ஒன்றிரண்டு மீட்டருக்குப் புல்லே இருக்காது. 1964ல் முல்லர் என்பவரும் அவரோடு வேலை செய்தவர்களும், புதரிலிருந்து வருகிற ஆவிதான் புல்லைக் கொல்கிறது என்று எழுதினார்கள், பாடப்புத்தகம் வரை போனது. 1970ல் பார்த்தலோமியு என்ற ஆய்வாளர் அந்த வெற்றிடத்தில் கம்பி வலைக்கூண்டு வைத்துப் பார்த்தார். கூண்டுக்குள் புல் வந்துவிட்டது! புதருக்குள் ஒளிந்திருக்கிற எலியும் முயலும் வெளியே ரொம்ப தூரம் போகப் பயந்து, ஓரத்தில் முளைப்பதையெல்லாம் தின்றிருக்கின்றன.

நீங்களும் பார்த்துவிடலாம். மரத்தடி மண் ஒரு தொட்டி, வெட்டவெளி மண் ஒரு தொட்டி, இரண்டிலும் பத்துப் பத்துப் பச்சைப்பயறு, ஒரே வெயில், ஒரே தண்ணீர். இரண்டும் ஒரே மாதிரி வந்தால் மண்மேல் பழி போடாதீர்கள், நிழலையும் ஆட்டையும் பாருங்கள். நிழலாலேயே செடி சாகிறது, மரத்துக்கு ஒரு நஷ்டமும் இல்லை என்றால் அதுவும் அமென்சலிசம்தான்.

கேள்வி: காய்க்குள் புழு இருக்கிறது, ஆடு காயோடு சேர்த்துத் தின்றுவிடுகிறது. இது வேட்டையாடுவது ஆகாதா?

பதில்: ஸ்பெயின் சியரா நெவாடா மலையில் காட்டு ஆட்டையும், காய்க்குள் புழுவாக வளர்கிற மூக்கு வண்டையும் வைத்து இதை ஆராய்ந்திருக்கிறார்கள். ஆடு தேடிப் போவது செடியைத்தான், புழு கூடவே உள்ளே போகிறது. புழு தின்கிற அளவு ஆட்டின் தீனிக்குக் குறையாகத் தெரியாது. அதனால் அமென்சலிசத்தில்தான் சேர்க்கிறார்கள், நானும் அப்படித்தான் சொல்வேன்.