மகன் இறக்கிய 'மோட்' கேம்: என் போனில் இருக்கும் பணம் பத்திரமா?

கேள்வி: ஒன்பதாம் வகுப்பு படிக்கும் என் மகன், என் போனில்தான் ஃப்ரீ ஃபயர் மேக்ஸ் விளையாடுவான். போன வாரம் ஒரு யூடியூப் வீடியோவுக்குக் கீழே இருந்த லிங்க்கில் 'அன்லிமிடெட் டயமண்ட்' மோட் ஏபிகே ஒன்றை இறக்கியிருக்கிறான். டயமண்ட் எதுவும் வரவில்லை. "ஃப்ரெண்ட்ஸ் எல்லாரும் வச்சிருக்காங்கம்மா, ஒண்ணும் ஆகாது" என்கிறான். அதே போனில்தான் ஜிபே, பேங்க் ஆப் எல்லாம் வைத்திருக்கிறேன். என்ன செய்வது?
- வாசகி, ஈரோடு

பதில்: அன்புச் சகோதரி, பதற வேண்டாம். ஆனால் நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று விடவும் வேண்டாம். முதலில் அந்த போனில் வைஃபை, மொபைல் டேட்டா இரண்டையும் அணைத்துவிட்டு மேலே படியுங்கள்.

மோட் என்பது யாரோ மாற்றியமைத்த கேம், ஏபிகே என்பது ஆப்பை போனில் ஏற்றும் ஃபைல். டயமண்ட் என்பது கேமுக்குள் பொருள் வாங்கும் காசு. அது வராததில் ஆச்சரியமில்லை. டயமண்ட் எத்தனை என்ற கணக்கு உங்கள் போனில் இல்லை, கேம் நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. பாஸ்புக்கில் நாமே பேனாவால் ஒரு சைபர் சேர்த்துக்கொண்டால் வங்கி இருப்பு கூடிவிடுமா? திரையில் எத்தனை லட்சம் காட்டினாலும் அதை வைத்து ஒரு ஸ்கின்கூட (கேமில் வரும் அலங்கார உடை) வாங்க முடியாது. கொடுக்கவே முடியாததைக் கொடுப்பதாகச் சொல்லி ஒருவர் மெனக்கெட்டு ஃபைல் தயாரித்துப் பரப்புகிறாரே, அவருக்கு இதில் என்ன லாபம்? இதை உங்கள் மகனிடமே கேளுங்கள், யோசிப்பான்.

சில மோட்கள் விளம்பரம் காட்டிக் காசு பார்ப்பதோடு நிற்கும். சில, கேம் ஐடியையும் பாஸ்வேர்டையும் திருடும். எஸ்எம்எஸ் படிக்கவும், மாற்றுத்திறனாளிகளுக்கு உதவும் வசதியான 'ஆக்சசிபிலிட்டி'க்கும் அனுமதி கேட்பவைதான் ஆபத்தானவை. முதலாவது கிடைத்தால் ஓடிபி போகும். இரண்டாவது கிடைத்தால் உங்கள் திரையில் இருப்பதைப் படிக்கலாம், உங்களுக்குப் பதிலாகப் பட்டனையும் தட்டலாம். துப்பாக்கி சுடும் விளையாட்டுக்கு உங்கள் எஸ்எம்எஸ் எதற்கு?

நெட் இல்லாமல் ஆடும் கேம்களில் மோட் நிஜமாகவே வேலை செய்வதுண்டு, காசுக் கணக்கு போனுக்குள்ளேயே இருப்பதால். பையன்கள் நம்புவது அதனால்தான். அங்கேயும் யாரோ ஒருவர் அசல் ஆப்பைப் பிரித்து, மாற்றி, தன் கையொப்பம் போட்டு மூடியிருக்கிறார். உள்ளே வேறு என்ன வைத்தார் என்பது அவருக்குத்தான் தெரியும்.

2016 ஜூலையில் போகிமான் கோ என்ற மொபைல் கேம் வந்தபோது இதுதான் நடந்தது. முதலில் சில நாடுகளில் மட்டும் வெளியானதால், மற்ற நாட்டுக்காரர்கள் ஏபிகே தேடி அலைந்தார்கள். சில நாட்களிலேயே, ட்ராய்ட்ஜாக் என்ற உளவு மென்பொருள் ஒளிந்திருந்த பிரதி ஒன்றை ப்ரூஃப்பாயின்ட் என்ற இணையப் பாதுகாப்பு நிறுவனம் கண்டுபிடித்தது. திறந்தால் அசல் கேம் போலவே தெரியும்.

இனி உங்கள் போனுக்கு வருவோம். ஆப்களைச் சோதிக்கும் கூகுளின் பாதுகாப்பு வசதியான ப்ளே ப்ரொடெக்டை அணைக்கச் சொன்னார்களா, எந்தெந்த அனுமதிக்கு 'அலௌ' கொடுத்தான் என்று மகனிடம் நிதானமாகக் கேளுங்கள். திட்டினால் பாதியை மறைத்துவிடுவான், நமக்கு இப்போது முழு விவரமும் வேண்டும். பிறகு செட்டிங்ஸில் ஆக்சசிபிலிட்டி, டிவைஸ் அட்மின் (போனைக் கட்டுப்படுத்தும் அனுமதி) இரண்டிலும் அந்த ஆப்பின் பெயரோ, உங்களுக்குத் தெரியாத வேறு பெயரோ இருந்தால் அணைத்துவிட்டு, ஆப்பை நீக்குங்கள். இறக்கிய ஏபிகே ஃபைலையும் அழியுங்கள். நீக்க விடாமல் அடம்பிடித்தால் போனை சேஃப் மோடில் (நாம் இறக்கிய ஆப்கள் ஓடாத நிலை) போட்டு முயலுங்கள். குரோமுக்கோ டெலிகிராமுக்கோ கொடுத்திருக்கும் 'அன்னோன் ஆப்ஸ்' (ப்ளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து ஆப் ஏற்றும்) அனுமதியையும் எடுத்துவிடுங்கள்.

எஸ்எம்எஸ் அல்லது ஆக்சசிபிலிட்டி அனுமதி கொடுத்திருந்தால் ஆப்பை நீக்குவது மட்டும் போதாது. போட்டோ, கான்டாக்ட்களை எடுத்து வைத்துக்கொண்டு ஃபேக்டரி ரீசெட் (எல்லாவற்றையும் அழித்துப் புது போன் போலாக்குவது) செய்துவிடுவதே நல்லது. கூகுள், வங்கி பாஸ்வேர்டுகளை வேறொரு போனிலிருந்து மாற்றுங்கள். அதன் பிறகு யூபிஐ பின்னையும் மாற்றுங்கள். கடந்த வார ஸ்டேட்மென்ட்டை வரி வரியாகப் பாருங்கள். தெரியாமல் ஒரு ரூபாய் போயிருந்தாலும் உடனே வங்கிக்கும், சைபர் மோசடி உதவி எண்ணான 1930-க்கும் சொல்லுங்கள். தாமதிக்கத் தாமதிக்கப் பணத்தைத் தடுத்து நிறுத்துவது கஷ்டம்.

மகனின் கேம் ஐடியை நிறுவனம் தடை செய்யக்கூடும், அதையும் அவனிடம் சொல்லிவிடுங்கள். வீட்டில் பழைய போன் இருந்தால் சிம்மும் பேங்க் ஆப்பும் இல்லாமல், தனி ஜிமெயில் போட்டு விளையாட்டுக்கென்று கொடுங்கள். டயமண்ட் ஆசைக்கு எப்போதாவது ஒரு சிறிய தொகைக்கு கூகுள் ப்ளே ரீசார்ஜ் கோடு வாங்கிக் கொடுத்தால் போதும், உங்கள் கார்டு விவரம் அந்த போனுக்குள் போக வேண்டியதே இல்லை.