புத்தகம் இல்லாத பழைய வாகனத்தை யாழ்ப்பாணத்தில் இரும்புக்குக் கொடுக்கலாமா?

மாமாவின் வான் பல வருடமாக வளவுக்குள் நிற்கிறது, சி.ஆர். புத்தகம் (வாகனப் பதிவுப் புத்தகம்) எங்கே என்று யாருக்கும் தெரியாது, இரும்புக்காரர் லொறியோடு வந்து கேட்கிறார், கொடுக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். மாமா வெளிநாட்டில் இருப்பார், வீட்டைப் பார்க்கும் பொறுப்பு உங்கள் தலையில் விழுந்திருக்கும், வளவைத் துப்புரவாக்கச் சொல்லி யாரோ நெருக்குவார்கள். எங்கள் பக்கத்தில் இந்தக் கேள்வி பெரும்பாலும் அப்படித்தான் வரும்.

கொடுக்கலாம். ஆனால் இலக்கத் தகட்டையும் செசி (அடிச்சட்டம்) இலக்கம் உள்ள துண்டையும் அந்த லொறியில் ஏற விடாதீர்கள். அவசரக்காரர்கள் இதோடு நிறுத்திக்கொள்ளலாம். மிச்சம் என் கதை, கொஞ்சம் நீளம்.

ஐயா, அதாவது என் அப்பா, சுன்னாகத்தில் ஹயர் கார் ஓடினவர். ஒஸ்ரின் ஏ-40, அதிலும் சோமசெற். 1952இலிருந்து 54 வரை இங்கிலாந்தில் செய்த கார். அவர் வாங்கும்போதே அது பழசு. இலக்கத் தகட்டில் சிங்கள ஸ்ரீ எழுத்து வருவதற்கு முந்தின ஆங்கில எழுத்து இலக்கம் அதற்கு. 1958இல் தமிழர்கள் எதிர்ப்பாக அந்த ஸ்ரீக்குத் தார் பூசிய கதையை யாராவது எடுத்தால், எங்கள் காரில் தார் பூச இடமே இருந்திராது என்று சொல்லிச் சிரிப்பார்.

1990க்குப் பிறகு பொருளாதாரத் தடையில் பெற்றோல் என்பது மருந்துக்குக்கூடக் கிடைக்காத சாமான். சின்னப் போத்தலில் வைத்திருக்கும் சொட்டுப் பெற்றோலைக் கார்பரேற்றருக்குள் விட்டு ஸ்ராட் பண்ணி, என்ஜின் சூடேறியதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவார். கம்பிரஷன் குறைந்த பழைய 1200 சிசி என்ஜின் என்றபடியால் அது தாங்கியது. இன்றைய காருக்கு அதே வேலையைச் செய்தால் நேரே கராஜ்தான். பிரசவம், கல்யாண வீடு, செத்த வீடு எல்லாவற்றுக்கும் ஊர் போனது அந்த மண்ணெண்ணெய்ப் புகையோடுதான். 1995 ஒக்ரோபர் 30 இரவு, இராணுவம் நெருங்க, குடாநாட்டின் வலிகாமப் பகுதியே கிழக்கே தென்மராட்சிக்குப் பெயர்ந்தபோது, அம்மம்மாவையும் பக்கத்து வீட்டுப் பிள்ளைத்தாய்ச்சியையும் ஏற்றிக்கொண்டு, சனத்துக்கு நடுவே ஊர்ந்து ஊர்ந்து நாவற்குழிப் பாலம் தாண்டிய கார் அது. இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. "அப்பன்ர காரை இரும்புக்கு வித்தவன்" என்று எழுதுவதற்குச் சிலர் இப்போதே விரலை மடக்கிக்கொண்டு இருப்பீர்கள். அந்தக் கார் என்னவென்று எனக்குத் தெரியும்.

புத்தகம் போனதும் அந்த இடப்பெயர்வோடுதான். காணி உறுதி, பிறப்புப் பத்திரம், கார்ப் புத்தகம் எல்லாம் ஒரு தகரப் பெட்டியில். 1996இல் ஊருக்குத் திரும்பும்போது பெட்டியைத் தென்மராட்சியில் மீசாலையிலுள்ள உறவுக்காரர் வீட்டில் விட்டுவிட்டு வந்தார்கள். பாதை நிலவரம் தெரியாது, பிறகு எடுக்கலாம் என்ற எண்ணம். 2000இல் தென்மராட்சியில் நடந்த சண்டையில் அந்த வீடே இல்லாமல் போனது. காணி உறுதிக்குப் பிரதி எடுக்க வழி இருந்தது. காருக்கு இல்லை, ஏனென்றால் பதிவில் கார் ஐயாவின் பெயரில் இருந்ததே இல்லை. விற்றவர் கையெழுத்து வைத்த மாற்றப் படிவத்தையும் ஒரு கைத்துண்டையும் புத்தகத்துக்குள் மடித்து வைத்துக்கொண்டு காலம் முழுக்க ஓடியிருக்கிறார். ஓப்பின் பேப்பர் என்று இன்றைக்கும் ஊரில் பாதி வாகனம் கைமாறுவது இந்த முறையில்தான். யாரும் என்னிடம் ஐயாவைக் குறை சொல்ல வரவேண்டாம்.

2002இல் தெற்கோடு இணைக்கும் ஏ9 பாதை திறந்ததும் ஜப்பான் வான்களும் ஓட்டோக்களும் வந்து இறங்கின. ஏ-40 ஸ்ராண்டுகள் மெலிந்துபோயின. எங்கள் கார் கொட்டிலுக்குள் போனது, கொட்டில் விழுந்த பிறகு வெயிலிலும் மழையிலும் நின்றது. தரைத்தகடு உக்கி, உள்ளே இருந்து பார்த்தால் மண் தெரியும் நிலை. ஐயா காலமான பிறகும் நான் தொடவில்லை. தொட வைத்தது டெங்கு. மாரி முடியும் நேரம் எங்கள் மாவட்டத்தில் டெங்கு ஏறும் என்பது தெரிந்ததுதானே. சுகாதாரப் பரிசோதகர் வளவு பார்க்க வந்தார், டிக்கிக்குள் தேங்கிய தண்ணீரில் புழு நெளிந்தது. அடுத்த தடவையும் இப்படி இருந்தால் வழக்குத்தான் என்றார். நியாயம்தான்.

அப்போது தொடங்கியது குடும்பக் கூட்டம். அண்ணர் கனடா, அக்கா லண்டன், சின்னவன் பாரிஸ். விற்கக் கூடாது, அது ஐயாவின் ஞாபகம், திருத்தி வைத்திருக்க வேண்டும் என்று வட்ஸ்அப்பில் ஆளுக்கு மூன்று நிமிடக் குரல் பதிவு. சரி, திருத்த என்ன செலவாகும் என்று மெக்கானிக்கிடம் கேட்டு ஒரு கணக்கை அனுப்பினேன். குழுவே அமைதியாகிவிட்டது. அப்புறம் ஒருவர் காலை வணக்கம் படம் போட்டார். இந்த விஷயத்தில் மட்டுமல்ல, கிணறு இறைக்க, வேலி அடைக்க, மாமரக் கிளை பக்கத்து வீட்டுக் கூரையில் சாய்ந்ததை வெட்ட, எல்லாவற்றுக்கும் இதே கதைதான். கோயில் திருவிழாவுக்கு வந்து பத்து நாள் நின்று, "ஏன் வளவை இப்பிடி வைச்சிருக்கிறாய்?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள். இருப்பவனுக்குத்தான் பரிசோதகரின் கடிதம் வரும். வெளிநாட்டில் இருப்பவர்கள் எல்லோரையும் சொல்லவில்லை. உங்கள் மாமா நல்லவராகவே இருக்கலாம்.

விஷயத்துக்கு வருகிறேன். முதலில் வாகனம் யார் பெயரில் இருக்கிறது என்று பாருங்கள். இலக்கத்தைக் கொடுத்து, கட்டணம் கட்டினால், மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்தின் பதிவேட்டில் உள்ள விபரத்தை எடுக்கலாம். எங்கள் காருக்கு வந்த பெயர் ஐயாவுக்கு விற்றவருடையதுகூட இல்லை. அவருக்கும் முந்தின யாரோ ஒருவர், கண்டிப் பக்கத்து முகவரி. கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) இருந்த உத்தியோகத்தர் பொறுமையாக விளக்கினார்: பதிவை இரத்துச் செய்யச் சொல்லிக் கேட்க வேண்டியவர் பதிவுச் சொந்தக்காரர். அவர் இல்லையென்றால் அவருடைய உரித்தாளிகள். தொலைந்த புத்தகத்துக்கு இரண்டாம் பிரதி கேட்பதும் அப்படியே.

உங்களுக்கு இது எனக்கிருந்ததைவிட லேசு. வான் மாமாவின் பெயரிலேயே இருந்து அவரும் உயிரோடு இருந்தால், புத்தகம் தொலைந்தது என்று பொலிஸில் ஒரு முறைப்பாடு, சமாதான நீதவானிடம் ஒரு சத்தியக் கடதாசி, மாமாவின் கையெழுத்து, அதன் பிறகு இரண்டாம் பிரதியோ பதிவு இரத்தோ கேட்கலாம். அவர் ஊருக்கு வரும் விடுமுறையில் கோயிலுக்குப் போகும் முன் இதை முடித்துவிடுங்கள். அவர் காலமாகியிருந்தால் மரணச் சான்றிதழும் உரித்துக் கடதாசிகளும் தேவைப்படும், அதற்கு ஒரு சட்டத்தரணியைப் பார்ப்பது நல்லது. இன்னொன்று: லீசிங்கில் எடுத்த வான் என்றால் புத்தகம் தொலையவே இல்லாமல் இருக்கலாம், கொம்பனியின் அலுமாரிக்குள் இருக்கும். கடைசித் தவணை கட்டாமல் விட்ட வாகனத்தை வெட்டினீர்களோ, அது வேறு வழக்கு.

என் நிலையில் பதிவுச் சொந்தக்காரரைத் தேடிக் கடிதம் போட்டேன். முகவரியில் அப்படி ஒருவர் இல்லை என்று திரும்பி வந்தது. அந்தக் கடித உறையைப் பிரிக்காமல் இன்னும் வைத்திருக்கிறேன். பிறகு பொலிஸ் முறைப்பாடு, சத்தியக் கடதாசி, இந்தக் கார் இத்தனை காலமாக இந்த வளவில்தான் நிற்கிறது என்று விதானையாரிடம் (கிராம அலுவலரிடம்) ஒரு கடிதம். செசித் தகடு, என்ஜின் இலக்கம், நாலு பக்கத்துப் படம். எல்லாவற்றையும் சேர்த்து, வாகனம் பாவனைக்கு உதவாத நிலையில் உடைக்கப்படுகிறது என்று திணைக்களத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். சட்டம் படித்தவர்கள் வந்து இது பதிவு இரத்து ஆகாது என்று எழுதுவீர்கள். ஆகாதுதான், நானும் ஆகும் என்று சொல்லவில்லை. நாளைக்கு அந்த இலக்கத்தில் எங்கோ ஒரு வாகனம் பிடிபட்டு, விசாரணை எங்கள் படலைக்கு வந்தால் எடுத்துக் காட்ட என் கையில் ஒரு கட்டுக் கடதாசி இருக்கும், அவ்வளவுதான்.

அப்படி ஏன் விசாரணை வரும் என்று கேட்பீர்கள். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதியை நிறுத்தியதும் ஓடாத தகரத்துக்கும் விலை வந்தது. தனியார் கார்களுக்கு அந்தத் தடை எடுபட 2025 ஆகிவிட்டது. அந்த இடைவெளியில் பழைய வாகனம் தேடி வந்தவர்களில் ஒரு பகுதியினருக்கு வேண்டியது இரும்பே அல்ல. துண்டு துண்டாகக் கொண்டுவந்து பொருத்திய வாகனத்துக்கோ களவாக வந்ததுக்கோ ஒரு பழைய இலக்கம் வேண்டும். என்னிடமும் ஒருவர் வந்தார், வெள்ளைச் சேட்டு, நல்ல பேச்சு. இரும்புக்காரர் சொன்னதைவிடக் கூடவே தருவதாகச் சொன்னார். "காரின்ர கூடு வேண்டாம் ஐயா, நீங்களே வெட்டி வித்துக்கொள்ளுங்கோ. தகடும் செசித் துண்டும் போதும். புத்தகம் இல்லாட்டியும் நாங்கள் பார்த்துக்கொள்வம்." எதைப் பார்த்துக்கொள்வார்கள் என்று கேட்டேன். சிரித்தார். தேத்தண்ணி கொடுத்து அனுப்பிவிட்டேன். பிழைக்கத் தெரியாதவன் என்று மச்சான் இன்றைக்கும் சொல்லிக் காட்டுவார். சொல்லட்டும். பதிவில் இருக்கும் அந்தக் கண்டிக்காரரை எனக்குத் தெரியாது, ஆனால் அவருடைய பேரப்பிள்ளைகளை யாரோ செய்த களவுக்கு நீதிமன்றம் ஏற்றுவது என் வேலை இல்லை.

விற்கும்போது ஒரேயடியாக நிறுத்துக் கொடுக்காதீர்கள். ஏ-40 முழுதாக ஒரு தொன்னுக்குக் கொஞ்சம் குறைவு. அதில் றேடியேற்றர் செம்பும் பித்தளையும். டைனமோவுக்குள்ளும் ஸ்ராட்டருக்குள்ளும் செம்புக் கம்பி. எல்லாவற்றையும் இரும்பு விலைக்கு அள்ளிக்கொண்டு போகத்தான் இரும்புக்காரர் பார்ப்பார், அது அவருடைய தொழில். கழற்றித் தனியாகக் கொடுங்கள். கதவுப் பிடி, முன் கிறில், மீற்றர்ப் பலகை, பம்பர் எல்லாம் பழைய கார் திருத்துகிறவர்களுக்குத் தங்கம். என்னுடையதைக் கொழும்பிலிருந்து வந்த ஒரு பொடியன் வாங்கிக்கொண்டு போனான். இன்னொரு சோமசெற்றில் அவை ஓடிக்கொண்டு இருக்கும். உங்கள் வானில் அந்த அளவு இருக்காது, என்றாலும் டீசல் என்ஜினும் கியர்பொக்ஸும் நல்ல நிலையில் இருந்தால் பாகமாகப் போகும். என்ஜின் இலக்கத்தை மறக்காமல் ரசீதில் எழுதிக் கொடுங்கள்.

வெட்டுவதற்கு முன் எண்ணெய்த் தாங்கியைக் கழற்றி வெளியே எடுக்க வேண்டும். வெறும் தாங்கிதானே என்று காஸ் வெட்டுக்காரர் சுடரைப் பிடித்தால், உள்ளே நிற்கும் ஆவி போதும் வெடிக்க. என்ஜின் ஒயில், கியர் ஒயில், பிரேக் ஒயில் எல்லாவற்றையும் வெறும் கலனுக்குள் வடித்து எடுங்கள். பற்றரி இருந்தால் அதையும் சாய்க்காமல் தூக்கி வையுங்கள். எங்கள் மண்ணுக்குக் கீழே சுண்ணாம்புக் கல், இங்கே ஊற்றுவது கிணற்றுக்குத்தான் போகும். எங்கள் ஊர்க் கிணறுகளில் கழிவு எண்ணெய் கலந்த கதை தெரிந்ததுதானே, சுன்னாகத்தில் பிறந்தவனுக்கு கிணற்றுத் தண்ணீரில் எண்ணெய் என்றால் என்னவென்று யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. வந்த பொடியன்கள் "அண்ணை, ஒரு கிடங்கு வெட்டி ஊத்திவிடுவம்" என்றார்கள். கலனைக் கையில் கொடுத்தேன். முணுமுணுத்தார்கள், செய்தார்கள்.

இரும்பை வாங்குகிறவரின் அடையாள அட்டை இலக்கம், லொறி இலக்கம், திகதி எழுதி இரண்டு பேரும் கையெழுத்து வைத்த துண்டு ஒன்று கட்டாயம். எழுத மாட்டேன் என்றால் அடுத்த ஆளைக் கூப்பிடுங்கள், யாழ்ப்பாணத்தில் பழைய இரும்பு எடுக்கிறவர்களுக்குப் பஞ்சமே இல்லை. செசித் தகட்டையும் இலக்கம் அடித்த அடிச்சட்டத் துண்டையும் வெட்டி என்னிடம் வைத்துக்கொண்டேன். உங்கள் வானில் அந்த இலக்கம் தகட்டில் மட்டும் இராது, அடிச்சட்டத்திலோ தரைத்தகட்டிலோ அடித்திருக்கும். வெட்டுவதற்கு முன் துணியால் துடைத்துத் தேடிப் பாருங்கள். பதிவு இரத்துச் செய்யப் போகும்போது இலக்கத் தகடுகளை ஒப்படைக்க வேண்டி வரும், அதனால் அவற்றை உருக்கவும் வேண்டாம், வேலிக்கு அடிக்கவும் வேண்டாம்.

வந்த காசை நாலாகப் பிரித்துக் கணக்கு அனுப்பினேன். எங்களிடம் ஒரு சதமும் வேண்டாம், நீயே வைத்திரு என்றார்கள் அக்காவும் சின்னவனும். அண்ணர் தன் பங்குக்கு ஸ்ரியரிங்கைக் கேட்டார். கொழும்புப் பொடியன் கூடக் காசு தருகிறேன் என்றும் அதைக் கொடுக்காமல் வைத்திருந்தது நல்லதாயிற்று. இப்போது அதைக் கப்பலில் போடச் சொல்லிக் குரல் பதிவு வருகிறது. கூலியை அனுப்பினால் போடுவேன்.